வீட்டுக் கணக்கு எங்கள் கையில்

'வீட்டைக் கட்டிப் பார், கலியாணம் செய்து பார்' என்று எங்கள் பெரியவர்கள் சொல்வார்கள். இரண்டுமே தனி ஒருவரால் ஒப்பேற்ற முடியாத காரியங்கள் என்பதே இதன் பொருள். ஊரும் உறவும் கூடிக் கைகொடுத்த காலத்தில் பிறந்த பழமொழி இது. ஆனால் யுத்தம் முடிந்த பின்னர் வன்னியிலும் யாழ்ப்பாணத்திலும் கிழக்கிலும் எத்தனையோ பெண்கள் தனியே நின்று வீட்டைக் கட்டிப் பார்த்துவிட்டார்கள். அவர்களில் நானும் ஒருத்தி.

2010ஆம் ஆண்டு செட்டிகுளம் முகாமிலிருந்து கிளிநொச்சி மாவட்டத்தில் உள்ள எங்கள் காணிக்குத் திரும்பினோம். கிணறும், தலை முறிந்த இரண்டு தென்னைகளும், பழைய வீட்டு அத்திவாரத்தின் ஒரு மூலையும்தான் அங்கு எஞ்சியிருந்தன. கணவர் எங்களோடு திரும்பவில்லை. வயதான அம்மாவுடனும் இரண்டு பிள்ளைகளுடனும் மூன்று வருடங்கள் தகரக் கொட்டிலில் இருந்தேன். 2013ல் வீட்டுத்திட்டப் பெயர்ப் பட்டியலில் என் பெயர் வந்தபோது, கல்லும் மண்ணும் மேசன்மாரும் எனக்கு முற்றிலும் புதிய உலகம். அந்த உலகத்தில் பட்டுத் தெளிந்தவற்றை, இன்னும் வீடு கட்டி முடியாத சகோதரிகளுக்குச் சொல்ல வேண்டும் என்பதற்காகவே இதை எழுதுகிறேன்.

ஐந்தரை இலட்சம் ரூபா

இந்திய அரசாங்கம் 50,000 வீடுகளுக்கான உதவியை 2010ல் அறிவித்தது. அதன் பெரும்பகுதி வடக்குக்கும் கிழக்குக்கும் ஒதுக்கப்பட்டது. 2012 ஒக்டோபரில் தொடங்கிய கட்டத்தில், பயனாளியே தனது வீட்டைக் கட்டும் முறை கைக்கொள்ளப்பட்டது. ஒரு முழு வீட்டுக்கு 550,000 ரூபா. வேலை முன்னேற முன்னேறப் பணம் கட்டங் கட்டமாக எங்கள் வங்கிக் கணக்கில் விழும். வீடு 500 சதுர அடிக்குக் குறையக் கூடாது.

இந்த முறையில் பெரியதொரு நன்மை உண்டு. யாரோ ஒரு ஒப்பந்தகாரர் கட்டித் திறப்பைக் கையில் தரும் வீடு அல்ல இது. குசினி எந்தப் பக்கம், யன்னல் எந்தப் பக்கம் என்று நாங்களே தீர்மானிக்கலாம். கூலியும் ஊருக்குள்ளேயே சுற்றும். ஆனால் எங்களுக்குச் சொல்லப்படாத ஒரு விடயமும் இருந்தது. ஒரே கிராமத்தில் ஒரே மாதத்தில் பலர் அத்திவாரம் வெட்டினால், மண்ணுக்கும் கல்லுக்கும் மேசனுக்கும் போட்டி எழும். எங்களுக்குக் கிடைத்த தொகை எழுதி வைத்தபடியே நின்றது. பொருள்களின் விலையும் கூலியும் நிற்கவில்லை. ஆண் துணையுள்ள வீடுகளில் அத்திவாரம் வெட்டுவதும் கல் சுமப்பதும் வீட்டாரின் வேலையாகிக் கூலி மிச்சமானது. எங்களைப் போன்றவர்கள் அதற்கும் காசு கொடுக்க வேண்டியிருந்தது. ஐந்தரை இலட்சம் எல்லோருக்கும் ஒரே ஐந்தரை இலட்சமாக இருக்கவில்லை.

பெட்டிக்குள் எத்தனை கியூப்?

முதல் முறை மண் பறித்த அன்று, உழவு இயந்திரப் பெட்டி நிறைந்திருப்பதைக் கண்டு ஒரு கியூப் என்று நம்பிக் காசைக் கொடுத்தேன். மூன்றாவது முறை பறித்த பின்னரும் மேசன் "மண் காணாது அக்கா" என்றார். அயலில் இருந்த வயதான மேசன் ஐயா ஒருவர் அளவு நாடாவை எடுத்து வந்து, "பிள்ளை, கண்ணாலை அளக்கிறதில்லை, நாடாவாலை அளக்கோணும்" என்று சொல்லித் தந்தார்.

ஒரு கியூப் என்பது 100 கன அடி. பெட்டியின் நீளத்தையும் அகலத்தையும், மண் நிற்கும் உயரத்தையும் அடியில் அளந்து, மூன்றையும் பெருக்கி நூறால் பிரிக்க வேண்டும். 10 அடி நீளம், 5 அடி அகலம், 2 அடி உயரம் என்றால் சரியாக ஒரு கியூப். எனக்கு வந்த பெட்டி 9 அடி நீளம், 5 அடி அகலம், மண் நின்றதோ ஒன்றரை அடி. கணக்குப் பார்த்தால் அறுபத்தேழரை கன அடி, அதாவது ஒரு கியூப்பில் மூன்றில் இரண்டு பங்கு. மூன்று கியூப்புக்குக் காசு கொடுத்து இரண்டு கியூப் மண்தான் வாங்கியிருக்கிறேன்! அடுத்த முறை பறிப்பதற்கு முன்னரே நாடாவுடன் நின்றேன். வாகனக்காரர் சிரித்தார். ஆனாலும் காசைக் குறைத்துத்தான் வாங்கினார்.

மண்ணின் தரத்தையும் நாங்களே பார்க்கலாம். கண்ணாடிப் போத்தல் ஒன்றில் மூன்றில் ஒரு பங்குக்கு மண்ணைப் போட்டு, தண்ணீர் விட்டு, சிறிது உப்பிட்டுக் குலுக்கி இரவு முழுவதும் வையுங்கள். காலையில் மண்ணுக்கு மேலே சேறு தனிப் படையாகப் படிந்திருக்கும். அந்தப் படை மண்ணின் கனத்தில் பத்தில் ஒரு பங்கை நெருங்கினால் அந்த மண் வேண்டாம். கடற்கரை மண்ணில் உப்பு இருக்கும், அது கொங்கிறீட்டுக்குள் உள்ள கம்பியைத் துருப்பிடிக்க வைத்துவிடும்.

சீமெந்துக் கல் வாங்கும்போது ஒரு பையில் எத்தனை கல் அரிகிறார்கள் என்று தயங்காமல் கேளுங்கள். எண்ணிக்கை கூடினால் பலம் குறையும். நன்கு முற்றிய கல்லை இடுப்பளவு உயரத்திலிருந்து விழ விட்டாலும் சிதறக் கூடாது. அரிந்த கல்லுக்கும் கட்டிய சுவருக்கும் பூச்சுக்கும் குறைந்தது ஏழு நாள் தண்ணீர் விட வேண்டும். இது காசில்லாத வேலை. ஆனால் வீட்டின் பலம் பெரும்பாலும் இதில்தான் இருக்கிறது. நானும் மூத்த மகளும் பள்ளிக்கூடத்துக்கு முன்னும் பின்னும் வாளியால் அள்ளி ஊற்றினோம்.

முற்பணம் கொடுத்த கதை

அத்திவாரமும் சுவரும் எழுந்த பின்னர் கூரை வேலைக்கு வேறொருவரைப் பேசினேன். மரமும் தானே எடுத்துத் தருவதாகச் சொல்லி முற்பணம் கேட்டார். ஊரில் நாலு பேருக்கு வேலை செய்தவர்தானே என்று எண்ணி, எழுத்தில் எதுவும் வாங்காமல் 60,000 ரூபாவைக் கொடுத்தேன். இரண்டு நாள் வந்தார். பிறகு வரவில்லை. தொலைபேசியும் வேலை செய்யவில்லை. கூரை முடியாமல் அடுத்த கட்டப் பணம் வராது, பணம் வராமல் கூரையும் முடியாது. மாரி வேறு நெருங்கிக்கொண்டிருந்தது. பிள்ளைகள் சுவருக்குள் நின்று வானத்தைப் பார்த்தார்கள்.

அன்று நான் செய்த பிழையை மற்றவர்கள் செய்யக் கூடாது. மேசனோடு கூலியைப் பேசும்போது முழு வீட்டுக்கும் ஒரே தொகையாகப் பேசாமல் அத்திவாரம், சுவர், கூரை, பூச்சு என்று பிரித்துப் பேசுங்கள். முடிந்த வேலைக்கே காசு கொடுங்கள். ஒவ்வொரு கட்டத்திலும் ஒரு பகுதியைப் பிடித்து வைத்து, அந்த வேலை திருத்தமாக முடிந்த பின் கொடுங்கள். ஒரு கொப்பியில் திகதி, வேலை, தொகை எழுதி அவரிடம் கையொப்பம் வாங்குங்கள். நல்ல மேசன் இதற்குக் கோபிக்க மாட்டார். பொருள்களை நீங்களே கடையில் வாங்கி, பற்றுச்சீட்டைக் கொப்பிக்குள் வையுங்கள். வங்கிப் புத்தகத்தையும் கையொப்பமிட்ட வெற்றுத் தாளையும் எவரிடமும் கொடுக்காதீர்கள், உறவினராக இருந்தாலும் சரி.

கடன் நுழைந்த வாசல்

கூரையைப் போட்டாக வேண்டும் என்ற நெருக்கடியில் தாலிக்கொடியை அடைவு வைத்தேன். அதுவும் போதாமல், கிழமைக்குக் கிழமை கட்டும் நுண்கடன் ஒன்றையும் எடுத்தேன். எங்கள் குழுவில் இருந்த ஐந்து பெண்களில் நால்வர் வீட்டு வேலைக்காகவே கடன்பட்டவர்கள். வீடு வருமானம் தராது, கடனோ ஒவ்வொரு கிழமையும் வாசலில் வந்து நிற்கும். ஒரு கடனைக் கட்ட இன்னொரு கடன் என்று போனவர்கள் பலர். 2018ல் அரசாங்கம், வறட்சியால் பாதிக்கப்பட்ட மாவட்டங்களில் பெண்கள் பெற்ற ஒரு இலட்சம் ரூபா வரையான நுண்கடன்களைத் தள்ளுபடி செய்ய முன்வந்தது. அப்படியொரு நடவடிக்கை தேவைப்பட்டதே நிலைமை எவ்வளவு மோசமாக இருந்தது என்பதற்குச் சான்று.

எனக்குத் தெரிந்த ஒரு அக்கா வேறுவிதமாகச் செய்தார். ஒரு அறையையும் குசினியையும் முதலில் முடித்து உள்ளே குடியேறினார். சுவரைப் பூசாமல், நிலத்துக்கு மண்ணிட்டு மெழுகிவிட்டு இருந்தார். ஊரார் ஏதேதோ கதைத்தார்கள். அவர் கோழி வளர்த்து இரண்டு வருடங்களில் பூச்சை முடித்தார். கடன் ஒரு சதமும் இல்லை. பூசாத வீடு வெட்கம் அல்ல என்பதை அவரிடம்தான் படித்தேன்.

இரும்பு வீடும் பாதியில் நின்ற வீடும்

2015, 2016ஆம் ஆண்டுகளில் வடக்குக்கும் கிழக்குக்கும் 65,000 உருக்கு வீடுகள் தரும் திட்டமொன்றை அரசாங்கம் முன்வைத்தது. ஒரு வீட்டின் மதிப்பு ஏறத்தாழ 21 இலட்சம் ரூபா. அதே காசில் இரண்டு கல்வீடுகள் கட்டலாமே என்று பலர் கேட்டார்கள். எங்கள் வெயிலுக்கும் உப்புக் காற்றுக்கும் அது பொருந்துமா, விறகடுப்புப் புகை எங்கே போகும், பிள்ளைகள் வளர்ந்த பின் ஒரு அறையைக் கூட்டிக் கட்ட முடியுமா என்ற கேள்விகளும் எழுந்தன. எல்லாவற்றுக்கும் மேலாக, அந்த வீட்டில் எங்கள் மேசனுக்கும் தச்சருக்கும் கல் அரியும் பெண்ணுக்கும் வேலை இல்லை. எதிர்ப்பு வலுத்து, அத்திட்டம் கைவிடப்பட்டது. வீடு என்பது கூரை மட்டுமல்ல, அது ஊரின் தொழிலும் கூட என்பதை அந்த விவாதம் உணர்த்தியது.

அதன் பின்னர் வந்த திட்டங்களிலும் துன்பம் தீரவில்லை. 2018, 2019 காலத்தில் வீடுகள் தொடங்கிய பலருக்கு, 2019 நவம்பரில் ஆட்சி மாறிய பின் மிகுதிப் பணம் வராமல் நின்றது. வீடு எழும்பப் போகிறது என்று கொட்டிலைப் பிரித்தவர்கள் கூரையில்லாத சுவர்களோடு நின்றார்கள். அடுத்து வந்தது பொருளாதார நெருக்கடி. 2021ன் தொடக்கத்தில் ஆயிரம் ரூபாவை ஒட்டியிருந்த 50 கிலோ சீமெந்துப் பை 2022ல் மூவாயிரத்தை நெருங்கியது. கம்பியும் ஓடும் அப்படியே. 2023ல் விலை ஓரளவு இறங்கினாலும் பழைய இடத்துக்குத் திரும்பவில்லை. வேலையில்லாமற் போன மேசன்மார் பலர் வெளிநாடு சென்றுவிட்டார்கள். ஆகவே சகோதரிகளே, எந்தத் திட்டமாக இருந்தாலும், முதற்கட்டப் பணம் கைக்கு வந்தவுடன் இருக்கும் கொட்டிலைப் பிரித்துவிடாதீர்கள். கூரை ஏறும் வரை அது நிற்கட்டும்.

காணி யாருடைய பெயரில்?

வீடு நிற்பது காணியின் மேல். காணி யாருடைய பெயரில் இருக்கிறதோ, நாளைக்கு வீடும் அவருடையதே. அரச காணி அனுமதிப்பத்திரத்தில் பின்னுரித்தாளர் பதியப்பட்டிருக்கிறாரா என்று பிரதேச செயலகத்தில் பாருங்கள். பின்னுரித்தில் ஆண்களுக்கு முன்னுரிமை தந்த பழைய ஒழுங்கு 2022ல் திருத்தப்பட்டு ஆண், பெண் வேறுபாடு நீக்கப்பட்டுள்ளது. இதை அறியாத பெண்கள் இன்னும் பலர். தேசவழமைச் சட்டத்துக்கு உட்பட்ட மணமான பெண், தன் சீதனக் காணியை விற்கவோ ஈடு வைக்கவோ கணவரின் எழுத்து மூலச் சம்மதம் வேண்டும். கணவர் காணாமற் போயிருந்தால் அந்தச் சம்மதத்துக்காக மாவட்ட நீதிமன்றத்தை நாட வேண்டியிருக்கும். செலவும் அலைச்சலும் உண்டு. இலவச சட்ட உதவி தரும் சட்ட உதவி ஆணைக்குழுவின் அலுவலகத்தில் முதலில் விசாரியுங்கள்.

கொப்பியும் கரண்டியும்

என் கூரை 2014 தைப்பொங்கலுக்கு முன்னர் ஏறியது. அந்த வயதான மேசன் ஐயாவும் அவருடைய மருமகனும் நாட்கூலிக்கு வந்து முடித்துத் தந்தார்கள். அடைவு வைத்த தாலிக்கொடியை மீட்க நாலு வருடங்கள் சென்றன. ஏமாற்றிச் சென்றவரிடம் இருந்து ஒரு சதமும் திரும்பவில்லை.

யுத்தத்தின் பின் வன்னியில் பெண்கள் சிலர் மேசன் வேலை பழகினார்கள். தொடக்கத்தில் 'பொம்பிளை கட்டின சுவர் நிக்குமோ' என்று கேட்டவர்கள் இருந்தார்கள். ஒரே வேலைக்கு ஆணுக்கு ஒரு கூலி, பெண்ணுக்கு ஒரு கூலி என்ற அநியாயமும் இருக்கிறது. ஆயினும் தேசிய தொழில் தகைமைச் சான்றிதழுடன் மேசன் வேலை பழகினால், அது வீட்டோடு நின்று போகாத வருமானம். தையலும் கோழி வளர்ப்பும் மட்டுமே பெண்களுக்குரிய பயிற்சி என்று எண்ணுபவர்கள் இதையும் சிந்திக்க வேண்டும்.

நான் மேசன் ஆகவில்லை. ஆனால் ஊரில் யாராவது அத்திவாரம் வெட்டினால் என்னைக் கூப்பிடுவார்கள். அளவு நாடாவையும் அந்தப் பழைய கொப்பியையும் எடுத்துக்கொண்டு போவேன். கொப்பியின் முதற்பக்கத்தில் மூன்று கியூப் என்று எழுதி, வெட்டி, இரண்டு என்று திருத்திய கணக்கு இன்னும் இருக்கிறது. அதைத்தான் முதலில் காட்டுவேன். வெட்கப்பட்டு மறைத்திருந்தால் என் அயலவள் ஒருத்தியும் அதே மூன்றுக்குக் காசு கொடுத்திருப்பாள்.