மைசூரு ஹர்ஷாவின் பந்தி

என்.எஸ். ஹர்ஷா 1969-இல் மைசூருவில் பிறந்தவர். ‘காவா’ என்று ஊரார் சொல்லும் சாமராஜேந்திர கலைக் கல்லூரியில் ஓவியம் படித்தார். 1995-இல் பரோடா எம்.எஸ். பல்கலைக்கழகத்தில் முதுகலை முடித்தார். பிறகு பெருநகரம் எதிலும் தங்காமல் மைசூருவுக்கே திரும்பி, அங்கிருந்தபடியே உலகக் கண்காட்சிகளுக்குப் படைப்புகளை அனுப்பி வருகிறார்.

சாப்பிடுவது, தூங்குவது, கூட்டமாக உட்கார்ந்திருப்பது போன்ற அன்றாடச் சடங்குகள்தான் இவருடைய கருப்பொருள். ‘வருகிறோம், உண்கிறோம், உறங்குகிறோம்’ (1999–2001) மூன்று பகுதிகள் கொண்ட ஓவியம். சின்னஞ்சிறு மனிதர்கள் அதில் வரிசை வரிசையாக நிறைந்திருக்கிறார்கள். ‘வந்து எங்களுக்கு ஒரு சொற்பொழிவு ஆற்றுங்கள்’ (2008) ஓவியத்தில் நாற்காலிகளில் காத்திருப்பவர்கள் மட்டும் 2,000 பேருக்கு மேல்.

அதே 2008-இல் பந்தி ஓவியத்தைவிட்டு இறங்கித் தரைக்கே வந்துவிட்டது. ஜப்பானிய உணவகங்களின் வாசலில், உள்ளே கிடைக்கும் பண்டங்களை அச்சு அசலாக பிளாஸ்டிக்கில் செய்து வைத்திருப்பார்கள். அந்தக் கைத்தொழிலைக் கொண்டே தென்னிந்திய வாழையிலைச் சாப்பாட்டை உருவாக்கி, டோக்கியோவில் வரிசையாகப் பரப்பினார் ஹர்ஷா. படைப்பின் பெயர் ‘மிச்சங்கள்’. சாப்பிட்டவர்கள் எழுந்து போய்விட்டார்கள். எச்சில் இலை அப்படியே கிடக்கிறது. பந்தி முடிந்த கையோடு இலையை எடுத்து இடத்தைத் துடைத்துப் பழகிய நமக்கு, அதைச் சும்மா பார்த்துக்கொண்டு நிற்பது எளிதல்ல. யார் யாரோடு உட்கார்ந்து சாப்பிடலாம் என்று சாதி வகுத்த நினைவும் அந்த வரிசையில் இருக்கவே செய்கிறது.

நிகழ்த்துகலையில் பொதுவாகக் கலைஞரின் உடல்தான் முன்னால் நிற்கும். கியூபாவில் பிறந்த ஆனா மெந்தியெட்டா, 1970-களில் தன் உடலின் வடிவத்தை மண்ணிலும் புல்லிலும் பதித்துப் படம்பிடித்தார். ஹர்ஷாவோ தான் ஒதுங்கிக்கொண்டு பார்வையாளரை உள்ளே இழுக்கிறார். 2006-இல் சிங்கப்பூர் பினாலேவுக்காக, வாட்டர்லூ தெருவிலுள்ள ஸ்ரீ கிருஷ்ணன் கோயிலின் கூரையிலும் தரையிலும் தூங்கும் மனிதர்களை வரைந்தார். தூங்குபவரைத் தாண்டக் கூடாது என்று வளர்ந்தவர்கள் அந்தத் தரையில் எங்கே கால் வைப்பார்கள்? அந்தத் தயக்கமும் படைப்பில் சேர்ந்ததே.

2005-இல் தும்கூரில் ஒரு பள்ளிக்காகச் செய்த பணியில் நிலமே திரைச்சீலையானது. ஒவ்வொன்றும் 6 மீட்டர் நீளமுள்ள மனித நிழல்களைத் துணியில் வெட்டிப் பாறைமேல் ஒட்டினார்கள். ‘இலட்சியங்களும் கனவுகளும்’ என்று அதற்குப் பெயர். அருங்காட்சியகப் படைப்புகளுக்குச் சற்றும் குறைந்ததல்ல அது.

2008-இல் வேல்ஸ் நாட்டின் ஆர்ட்டெஸ் முண்டி விருதும் 40,000 பவுண்டும் கிடைத்தன. 2017-இல் டோக்கியோவின் மோரி கலை அருங்காட்சியகம் இவருடைய மொத்தப் பணியையும் திரட்டிக் காட்டியது. அச்சில் பார்த்தால் ஹர்ஷாவின் கூட்டம் வெறும் புள்ளிகளாகவே தெரியும். நேரில் காணும் வாய்ப்புக் கிடைப்பவர்கள், கிட்டப் போய் ஒரே ஒரு வரிசையையாவது முகம் முகமாகப் பார்த்துவிட்டு வாருங்கள்.