பம்பரும் பற்றாசும்

யாப்பிலக்கணம் படிப்பிக்கும் ஆசிரியனுக்கு ஆண்டுதோறும் எதிர்ப்படும் வினா ஒன்று உண்டு. நேரிசை வெண்பாவின் வகைகளைக் கூறிவருங்கால், ‘ஆசிடை நேரிசை வெண்பா’ என்ற பெயரைக் கேட்டவுடன் மாணாக்கருள் ஒருவர் எழுந்து, “ஐயா, ஆசு என்பது யாது?” என்று வினவுவர். முதற்குறளின் ஈற்றுக்கும் அதனை அடுத்து வரும் தனிச்சொல்லுக்கும் இடையே ஓசை பொருந்தாது விட்டிசைக்குமாயின், ஓரசையோ ஈரசையோ கூட்டி அவ்விடைவெளியை நிரப்புவர். அங்ஙனம் கூட்டுவதே ஆசு. பொற்கொல்லர் பொற்கலத்தின் பிளவைப் பொருத்த இடும் பற்றாசினைப் போல்வதாகலின் அப்பெயர் பெற்றது என்று நான் விடையிறுப்பேன். மாணாக்கர் எழுதிக்கொள்வர். பாடம் மேலே செல்லும்.

இருபத்தைந்து ஆண்டுகளுக்கு மேலாக இவ்விடையைச் சொல்லி வந்த நான், பற்றாசு இட்டுப் பொருத்தும் தொழிலை ஒருநாளேனும் அருகிருந்து பார்த்தவனல்லன். அண்மையில் அதனை எனக்குக் கற்பித்தது பொற்கலமன்று. என் காரின் பிளாஸ்ரிக் பம்பர்.

தூணும் பொய்யும்

ஒரு நாள் மாலை, மழை தூறிக்கொண்டிருந்த மம்மற் பொழுதிலே, கல்லூரியிலிருந்து வீடு திரும்பினேன். வாயிலில் காரைத் திருப்பும்போது மதிற்றூண் நான் எண்ணிய இடத்தில் இருக்கவில்லை. ‘படார்’ என்றொரு ஒலி. இறங்கிப் பார்த்தேன். முன் பம்பரின் இடப்புற மூலையில் ஒரு சாண் நீளத்துக்கு வெடிப்பு ஓடியிருந்தது.

மனைவி அப்போது கோயிலுக்குப் போயிருந்தாள். திரும்பி வந்து கேட்டபோது, “சந்தையடியில் நிறுத்தியிருந்தேன், யாரோ மோதிவிட்டுப் போய்விட்டான் போலும்” என்றேன். நன்னெறி நூல்களை நாள்தோறும் ஓதுவிப்பவன் ஏன் இப்படிச் சொன்னான் என்று வாசகர்கள் கேட்கலாம். காரணம் சிறியது. என் கண்பார்வை குறைந்து வருகிறதென்றும், கண் வைத்தியரிடம் போகவேண்டுமென்றும் அவள் ஆறு மாதமாகச் சொல்லி வந்தாள். எனக்கு ஒரு குறையுமில்லை என்று நானும் ஆறு மாதமாகச் சாதித்து வந்தேன். தூணில் இடித்ததை ஒப்புக்கொண்டால் அந்த வாதத்திலே தோற்க வேண்டும். அவ்வளவுதான்.

கராச்சில் விசாரித்தேன். பம்பரை முழுதாக மாற்றுவதே வழி என்றனர். 2020 இல் வாகன இறக்குமதி நிறுத்தப்பட்டு, தனியார் வாகனங்களுக்கு 2025 இல் மீண்டும் வழி திறக்கப்பட்ட நாடு இது. இடைப்பட்ட காலத்தில் ஏறிய விலைகளை நான் எடுத்துரைக்க வேண்டியதில்லை. அவர்கள் கூறிய தொகை என் ஒரு மாதச் சம்பளத்தை விழுங்கிவிடும். ஆகவே கடையில் ஒரு சிறு குப்பி பசை வாங்கி, வெடிப்பிலே ஊற்றி அழுத்தி, மேலே பட்டி பூசி, நீலநிறப் பூச்சும் அடித்துவிட்டேன். பார்வைக்கு நன்றாகவே இருந்தது. நான்காம் நாள், பள்ளமுள்ள வீதியொன்றில் கார் குலுங்கியபோது பட்டியும் பூச்சும் செதில் செதிலாகக் கழன்று விழுந்தன. வெடிப்பு முன்னிலும் நீண்டிருந்தது.

இரும்புக் காலமும் பிளாஸ்ரிக் காலமும்

அந்தச் சனிக்கிழமை என் தமக்கையின் மகன் வந்தான். தொழில்நுட்பக் கல்வி பயின்று வாகனத் திருத்த வேலை செய்பவன். பம்பரைக் குனிந்து பார்த்தான்; விரலால் பசையைச் சுரண்டினான்.

“மாமா, இது பசையில ஒட்டுற சாதியில்லை” என்றான்.

என் இளமைக் காலம் நினைவுக்கு வந்தது. யாழ்ப்பாணத்து வீதிகளில் ஒஸ்ரின் ஏ-40, மொறிஸ் மைனர் ஆகிய கார்கள் நெடுங்காலம் ஓடியதை யாவரும் அறிவர். அவற்றின் பம்பர்கள் மினுக்கிட்ட உருக்குத் தகடுகள். இடிபட்டால் நெளியும், சுத்தியலால் தட்டி நிமிர்த்துவர். 1990 களில் பொருளாதாரத் தடையினால் பெற்றோல் கிடைத்தற்கரிய பொருளாகியபோது, சில துளி பெற்றோலைக் கொண்டு இயந்திரத்தை உயிர்ப்பித்து, பின்னர் மண்ணெண்ணெயிலேயே அக்கார்களை ஓட்டினோம். உடைந்ததை எறிதல் என்பது அன்று எங்கள் அகராதியில் இல்லை. அந்தத் தலைமுறைக் கைவினை இரும்போடு முடிந்துவிட்டது என்றே நான் எண்ணியிருந்தேன்.

மருமகன் அதனை மறுத்தான். இக்காலப் பம்பர்களிற் பெரும்பாலானவை பொலிபுரோப்பிலீன் என்னும் பிளாஸ்ரிக்கினால் ஆனவை. இத்தாலியில் ஜூலியோ நாட்டா என்ற அறிஞர் 1954 இல் இப்பொருளைச் செம்மையாக ஆக்கும் நெறியைக் கண்டார். அவருக்கு வழிதிறந்த ஜேர்மனியரான கார்ல் சீக்லருக்கும் அவருக்கும் 1963 இல் நோபல் பரிசு பகிர்ந்தளிக்கப்பட்டது. இதனோடு ஒருவகைச் செயற்கை இறப்பரைக் கலந்தால் மோதலைத் தாங்கி வளையும் தன்மை உண்டாகிறது. இப்பொருளின் மேற்பரப்பு இயல்பாகவே பிற பொருளை ஏற்காதது. பசை அதன்மேல் இருக்கும்; அதனோடு சேராது. என் நான்கு நாள் வேலையின் தோல்விக்குக் காரணம் இதுவே. ஆனால் சூடு கண்டால் இது உருகும், ஆறினால் இறுகும். ஆகவே தன் இனத்தோடு உருக்கிச் சேர்த்தால் ஒன்றாகிவிடும்.

“இனம் எதெண்டு எப்படி அறிகிறது?” என்று கேட்டேன்.

பம்பரைக் கழற்றி உட்புறத்தைக் காட்டினான். அங்கே இரு கூர்முனைக் குறிகளுக்கிடையில் ‘பீ.பீ.’ என்ற எழுத்துகளும், இறப்பர் கலப்பைக் குறிக்கும் ‘ஈ.பீ.டி.எம்.’ என்ற எழுத்துகளும், 20 என்ற எண்ணும் அச்சிட்டிருந்தன. எண், நூற்றுக்கு 20 பங்கு மாக்கல் தூள் சேர்ந்ததைக் காட்டுவது. சிறு துண்டைத் தண்ணீரில் இட்டு, மிதந்தால் பொலிபுரோப்பிலீன் எனக் கொள்வாரும் உளர். ஆயின் தூய பொலிபுரோப்பிலீன் மிதக்குமேயன்றி, இவ்வளவு மாக்கல் சேர்ந்தது அமிழ்ந்தும் போகலாம். எனவே எழுத்தை வாசிப்பதே நம்பத்தக்கது. எழுத்தறிவிப்பவனாகிய எனக்கு இது இனித்தது.

வெடிப்பின் முடிவு

“முதல்ல கழுவோணும் மாமா. அழுக்கை உள்ளுக்கு வைச்சுக்கொண்டு பொருத்தினால் நிக்காது” என்று சொல்லிச் சவர்க்கார நீரும் பழைய பற்றூரிகை ஒன்றும் தந்தான். நான் வெடிப்பின் விளிம்புகளைத் தேய்த்தேன். பசைத் துகள் வந்தது. பட்டித் துகள் வந்தது. அவற்றின் பின் வெள்ளை வெளேரென்று சுண்ணாம்புச் செதில்கள் வந்தன.

எங்கள் மதிற்றூண்களுக்குத் தைப்பொங்கலுக்கு முன்னர்தான் சுண்ணாம்பு அடித்திருந்தோம்.

மருமகன் அச்செதில்களைப் பார்த்தான். நிமிர்ந்து தூணைப் பார்த்தான். பின்னர் ஒன்றும் பேசாமல் துணியால் ஈரத்தை ஒற்றத் தொடங்கினான். அவன் பேசியிருந்தால் எனக்கு எளிதாயிருந்திருக்கும்.

ஈரம் உலர்ந்ததும் பம்பரை மெல்ல வளைத்துக் காட்டினான். “வெடிப்பு எங்க முடியுதெண்டு பாக்கோணும். கண்ணுக்குத் தெரியிற இடத்தில முடியாது.” உண்மையாகவே, முடிந்ததென்று நான் எண்ணிய இடத்துக்கு அப்பால் இரண்டு விரற்கிடை தூரம் பூச்சின் கீழே மயிரிழைபோல் அது ஓடியிருந்தது. அதன் உண்மை முடிவிலே 3 மில்லிமீற்றர் அளவில் ஒரு துளை இட்டான். உடைந்ததில் இன்னும் ஓட்டையா என்று திகைத்தேன். வெடிப்பின் கூர்நுனியிலே விசை முழுதும் குவிவதனால் அது மேலும் மேலும் கிழித்துச் செல்லும். வட்டத் துளையைக் கண்டால் அவ்விசை சுற்றிலும் பரவித் தணியும். முடிவைக் கண்டு நிறுத்தாமல் பொருத்துவது வீண் என்றான்.

அவ்வேளையில் மனைவி தேநீர் கொண்டுவந்தாள். மருமகன் ஏதோ எடுக்கப் போவதுபோல் அப்பால் எழுந்து போனான். நான் தேநீரை வாங்கிக்கொண்டு, “இது சந்தையடியில் நடந்ததன்று. நான்தான் தூணில் இடித்தேன்” என்றேன்.

அவள் வியக்கவில்லை. “தூணிலை காரின்ரை நீலப் பூச்சு ஒட்டியிருந்தது. அண்டைக்கே கண்டனான். நீங்களாச் சொல்லுவியளெண்டு பாத்துக்கொண்டிருந்தன்” என்றாள்.

எத்தனையோ நாளாகப் பூசி மூடியிருந்தது ஒரு நொடியில் நீங்கியது. அதன் பின்னர் என் கை நடுங்காமல் வேலை செய்தது.

இனம் இனத்தோடு

இனி, வீட்டிலே இவ்வேலையைச் செய்ய விரும்பும் அன்பர்களுக்காக அதன் முறையைச் சுருக்கிச் சொல்வேன்.

கழுவிய இடத்தை ஐசோபுரொப்பைல் மதுசாரம் தோய்த்த துணியால் துடைத்து, எண்ணெய்ப் பசை முழுதையும் போக்குதல் வேண்டும். வெளிப்புறத்தில் அலுமினிய நாடாவை ஒட்டி இரு விளிம்புகளையும் ஒரு நேராக நிறுத்துக. உட்புறத்தில், வெடிப்பு நெடுகிலும், பம்பரின் தடிப்பில் அரைவாசி ஆழத்துக்கு ஒரு வாய்க்கால் கீறுக. பம்பரின் தடிப்போ ஏறக்குறைய 3 மில்லிமீற்றரே. ஈயம் பற்றவைக்கும் மின்கோலை, சூட்டைக் கூட்டிக் குறைக்கத் தக்கதாகத் தெரிந்தெடுத்து, முதலில் ஆங்காங்கே உருக்கி இணைத்துக் கொள்க. அதன்மேல் துருவேறா உருக்கின் மெல்லிய வலைத்துண்டை வைத்து, பிளாஸ்ரிக்கினுள் அமிழும்வரை கோலால் அழுத்துக. பின்னர் அதே இனப் பிளாஸ்ரிக் கீற்றை உருக்கி, வலை தோன்றாதபடி நிரப்புக.

கீற்றுக்கு எங்கே போவது? மனைவி உடைந்த பேசின் ஒன்றைக் கொண்டுவந்தாள். அதன் அடியில் முக்கோணத்துள் 2 என்ற எண் இருந்தது, அது பொலிஎதிலீன், பொலிபுரோப்பிலீனோடு உருகிக் கலவாது. 5 என்ற எண் உள்ளது இனத்தால் ஒக்கும். ஆயினும் இறப்பர் சேராமையால் விறைப்பாயிருக்கும். மருமகன் கொண்டுவந்திருந்த பழைய பம்பர்த் துண்டே எல்லாவற்றிலும் பொருத்தமாயிற்று.

முதலில் அத்துண்டிலேயே என்னைப் பழக விட்டான். பொலிபுரோப்பிலீன் 160 பாகை செல்சியஸ் அளவில் உருகுவது. நான் பொறுமையின்றிச் சூட்டைக் கூட்டினேன். புகை எழுந்து, துண்டு கருகிப் பொரிந்தது. கருகியது வலுவிழந்தது, அதனால் பொருத்தல் நில்லாது. இரண்டாம் முறை சூட்டைக் குறைத்து, கீற்று மட்டுமன்றி விளிம்பும் ஒருங்கே இளகும்வரை காத்திருந்தேன். இரண்டும் ஒன்றாயின. இப்புகை மூச்சுக்குத் தீங்கானது. ஆதலால் திறந்த முற்றத்தில், முகக்கவசமும் கையுறையும் அணிந்தே செய்தல் வேண்டும். உருகியதைத் தண்ணீர் ஊற்றிக் குளிரச் செய்யாது, தானே ஆறவிடுக.

உட்புறம் இறுகிய பின் வெளிப்புற நாடாவை நீக்கி, அங்கும் வாய்க்கால் கீறி நிரப்புக. 80, 180, 400 என்னும் எண்ணுடைய மணற்கடதாசிகளால் முறையே தேய்த்து மட்டமாக்குக. பூச்சுக்கு முன், இவ்வகைப் பிளாஸ்ரிக்கில் பூச்சுப் பிடிப்பதற்கென்றே விற்கும் அடிப்பூச்சை அடித்தல் இன்றியமையாதது. அதை விட்டுவிட்டால் மேற்பூச்சு எனது பழைய பூச்சைப் போலவே செதிலாய் உரியும்.

ஓர் எச்சரிக்கையும் உண்டு. நாம் காணும் பம்பர் உறை மட்டுமே. மோதலைத் தாங்குவது அதன் உள்ளேயிருக்கும் சட்டம். அச்சட்டம் வளைந்திருந்தாலோ, பிணைப்பிடங்கள் ஒடிந்திருந்தாலோ, தடையை உணரும் மின்கருவிகள் அங்கே பதிந்திருந்தாலோ, அது வீட்டு முற்றத்து வேலையன்று; தொழிலறிந்தாரிடம் விடுக.

பொழுது சாயும்போது வேலை முடிந்தது. புதிய நீலம் பழைய நீலத்தோடு முற்றாக ஒக்கவில்லை. கையால் தடவினால் வெடிப்பின் வழி இன்னும் தெரியும். ஆயினும் மாதங்கள் கழிந்தும், அதே பள்ள வீதியில் அன்றாடம் ஓடியும், அது அசையவில்லை. மறுவாரம் கண் வைத்தியரிடமும் போனேன். இப்போது தூண்கள் தத்தம் இடங்களிலேயே நிற்கின்றன.

இந்தத் தவணை ஆசிடை வெண்பாவுக்கு வந்தபோது, ஒரு மாணவி வழமையான வினாவைக் கேட்டாள். நான் பழகிய பம்பர்த் துண்டைப் பையிலிருந்து எடுத்து அவளிடம் நீட்டினேன். ஒரு புறத்தில் கருகிய பொருத்து. மறுபுறத்தில் செவ்விய பொருத்து. வளைத்துப் பார்க்கச் சொன்னேன். கருகிய இடம் ‘டக்’ என்று முறிந்தது. மற்றையது வளைந்து மீண்டது.

“ஆசாக வருவது எது?” என்று கேட்டேன்.

“அசை, ஐயா.”

“செய்யுள் எதனால் ஆனது?”

அவள் சற்று நினைத்து, “அதுவும் அசையால்தான்” என்றாள்.

பொற்கொல்லரின் உவமையை நான் இன்னும் சொல்கிறேன். உரையாசிரியர் சொன்னது அது. ஆயினும் அதனோடு ஒன்றைக் கூட்டிச் சொல்கிறேன். வெண்பாவின் பிளவுக்கு வெண்பாவின் இனமே ஆசாகிறது. மெய் விலகியதால் உண்டான பிளவுக்கும் அப்படியே. அங்கே மெய்யைத் தவிர வேறு பற்றாசு இல்லை.