மலை காத்த மொழி, பாறை காத்த மார்க்கம்

அல்ஜியர்ஸ் நகரத்துக்கு அரபியில் 'அல்ஜஸாயிர்' என்று பெயர். 'தீவுகள்' என்று பொருள். போய்த் தேடினால் ஒரு தீவும் அகப்படாது. துறைமுகத்துக்கு எதிரே ஒரு காலத்தில் சில பாறைத்திட்டுகள் இருந்தன. அவற்றில் ஒன்றில் ஸ்பானியர்கள் கோட்டை கட்டி, பீரங்கிகளை ஊரை நோக்கித் திருப்பி வைத்திருந்தார்கள். 1529-ல் ஹைருத்தீன் பார்பரோஸா கோட்டையைப் பிடித்து இடித்தார்; அதன் கற்களையே கடலில் கொட்டித் திட்டுகளைக் கரையோடு சேர்த்துவிட்டார். தீவுகள் போய்விட்டன. பெயர் மட்டும் ஊருக்கு நிலைத்து, பிறகு அல்ஜீரியா என்ற நாட்டுக்கே ஆகிவிட்டது.

நாடு லேசுப்பட்டதல்ல. 2011-ல் சூடான் இரண்டாகப் பிரிந்ததிலிருந்து ஆப்பிரிக்காவிலேயே பெரிய நாடு இதுதான். பரப்பளவு சுமார் 23.8 லட்சம் சதுர கிலோமீட்டர். இந்தியாவில் ஏறக்குறைய முக்கால் பங்கு. ஆனால், ஐந்தில் நான்கு பங்குக்கு மேல் சஹாரா. வடக்கே மத்தியதரைக் கடலோரம் ஒரு மெல்லிய பசுமைக் கரை. கோதுமை, திராட்சை, ஒலிவம் எல்லாம் அங்கேதான். அதை ஒட்டி அட்லஸ் மலைத்தொடர். மலைகளுக்கு நடுவே ஆடு மேயும் உயரமான சமவெளி, உப்புப் பூத்த ஏரிகள். அதற்குத் தெற்கே பாலைவனம். தலைநகர் அல்ஜியர்ஸிலிருந்து தெற்குக் கோடியிலுள்ள தமன்ராசெத்துக்குச் சாலை வழியே ஏறத்தாழ 2,000 கிலோமீட்டர். நாட்டின் மிக உயர்ந்த சிகரமான தஹாத் (2,908 மீட்டர்) அட்லஸில் இருக்கும் என்றுதான் யாரும் நினைப்பார்கள். அது இருப்பது பாலைவனத்துக்குள், ஹொக்கார் மலையில்.

இந்த வரைபடத்தைக் கையில் வைத்துக்கொண்டால் அந்த நாட்டின் மொழியும் மதமும் பாதி புரிந்துவிடும். கார்த்தேஜ், ரோம், அரபுகள், துருக்கியர், பிரெஞ்சுக்காரர் என்று வந்தவர்கள் எல்லோரும் முதலில் பிடித்தது கடற்கரையையும் சமவெளியையும். வளைந்துகொடுக்க விரும்பாதவர்கள் மலை ஏறினார்கள், அல்லது பாலைவனத்துக்குள் போனார்கள்.

மலை ஏறியவர்களின் மொழி தமாஸிக்த். வெளியார் 'பெர்பர்' என்பார்கள். அந்தச் சொல்லில் 'காட்டுமிராண்டி' என்ற பழைய ஏளனம் ஒட்டியிருக்கிறது. அவர்கள் தங்களைச் சொல்லிக்கொள்வது 'இமாஸிகன்'. அல்ஜியர்ஸுக்குக் கிழக்கே கபீலியா மலைகளில் கபீல் மொழி, ஔரேஸ் மலையில் ஷாவி, தென்கோடியில் துவாரெக் மக்களின் தமாஹாக். எல்லாம் ஒரே குடும்பத்துக் கிளைகள்.

1962-ல் விடுதலை பெற்ற அரசு, 132 ஆண்டுப் பிரெஞ்சு ஆட்சியைத் துடைக்க அரபியைக் கையில் எடுத்தது. அதில் நியாயம் இருந்தது. தமாஸிக்தையும் சேர்த்துத் துடைக்கப் பார்த்ததில்தான் கோளாறு. 1980 மார்ச்சில் எழுத்தாளர் மூலூத் மம்மெரி, பழைய கபீல் கவிதைகள் பற்றித் திஸி உஸூ பல்கலைக்கழகத்தில் பேசுவதாக இருந்தது. அரசு தடுத்தது. ஒரு கவிதைச் சொற்பொழிவைத் தடுத்ததற்காக ஒரு மலைப்பிரதேசமே தெருவுக்கு வந்தது. 1994-ல் கபீலியப் பிள்ளைகள் ஒரு கல்வியாண்டு முழுக்கப் பள்ளியைப் புறக்கணித்தார்கள். 2001-ல் அங்கே மூண்ட கலவரத்தில் நூற்றுக்கும் மேற்பட்டோர் உயிரிழந்தார்கள். அதன் பிறகே, 2002-ல் தமாஸிக்த் தேசிய மொழி. 2016-ல் அரபியோடு ஆட்சிமொழி.

சரி, தெருவில் என்ன பேசுகிறார்கள்? பாடப்புத்தக அரபி அல்ல, 'தாரிஜா' என்னும் பேச்சு அரபி. சமையலறைக்கு 'குஸீனா', வாரத்துக்கு 'ஸிமானா', காருக்கு 'தொனோபீல்'. கெய்ரோக்காரரே திணறும் அரபி இது. நடுநடுவே பிரெஞ்சு வாக்கியங்கள் தடையில்லாமல் வந்து போகும். பிரெஞ்சு தங்களுக்குப் போரில் கிடைத்த கொள்ளைப் பொருள் என்றார் எழுத்தாளர் கத்தேப் யாசின். பறிகொடுத்தவனுக்குத் திருப்பித் தர வேண்டியதில்லை அல்லவா! 2022 முதல் தொடக்கப்பள்ளியில் ஆங்கிலமும் நுழைந்துவிட்டது.

மதத்தில் இவ்வளவு கலவை கிடையாது. மக்கள் ஏறக்குறைய எல்லோருமே சுன்னி முஸ்லிம்கள். தமிழ் முஸ்லிம்கள் பின்பற்றுவது ஷாஃபி, ஹனஃபி மத்ஹபுகள் (சட்ட மரபுகள்), அங்கே மாலிக்கி. தலைநகரின் புதிய பெரிய பள்ளிவாசலின் மினாரா 265 மீட்டர் உயரம். உலகில் அதைவிட உயர்ந்த மினாரா இல்லை.

என்னைக் கேட்டால், அதைவிடப் பார்க்க வேண்டியது 600 கிலோமீட்டர் தெற்கே மஸாப் பள்ளத்தாக்கிலுள்ள பழைய மினாராக்கள்தான். இங்கே வாழ்கிறவர்கள் இபாதி முஸ்லிம்கள். சுன்னியும் அல்ல, ஷியாவும் அல்ல. ஓமானில் பெருவாரியாக இருக்கும் அதே பிரிவு. வடக்கே தாஹெர்த்தில் இவர்களுக்கு ஓர் அரசு இருந்தது. 909-ல் ஃபாத்திமி வம்சத்தார் அதை அழிக்க, தெற்கே நகர்ந்து நகர்ந்து, 11-ஆம் நூற்றாண்டில் யாரும் ஆசைப்படாத இந்தப் பாறைப் பள்ளத்தாக்கில் குடியேறினார்கள். ஐந்து குன்றுகள், ஐந்து ஊர்கள், பெரியது கர்தாயா. குன்றின் உச்சியில் பள்ளிவாசல், அதைச் சுற்றி வளையம் வளையமாக வீடுகள், கீழே மதில். மினாராவே காவல் கோபுரமும். எப்போதாவது பெய்யும் மழையில் வரும் வெள்ளத்தை, சுவரில் அளந்து விட்ட துளைகள் வழியே பேரீச்சந்தோப்புகளுக்குப் பங்கு பிரிக்கிறார்கள். 1982-ல் யுனெஸ்கோ இதை உலகப் பாரம்பரியச் சின்னமாக்கியது. இத்தனை ஒதுங்கி வாழ்கிறவர்கள்தான் வடக்கத்திய நகரங்களில் பேர்போன கடைக்காரர்கள்!

கிறிஸ்தவமும் இந்த மண்ணுக்குப் புதிதல்ல. புனித அகுஸ்தீன் பிறந்தது 354-ல், இன்றைய சூக் அஹ்ராஸில். ஆயராக இருந்து 430-ல் மறைந்தது இன்றைய அன்னாபாவில். அப்போது நகரைச் சுற்றி வாண்டல் படை நின்றது. அவருடைய தாய் மோனிக்காவின் பெயர்தான் கலிபோர்னியாவின் சாந்தா மோனிக்காவுக்கு. யூதர்கள் அரபுகளுக்கும் முந்திய குடிகள். 1870-ல் பிரான்ஸ் அவர்களில் பெரும்பாலோருக்குக் குடியுரிமை கொடுத்து, முஸ்லிம்களுக்கு மறுத்தது. விடுதலையின்போது அநேகமாக எல்லா யூதர்களும் கப்பலேறிவிட்டார்கள்.

மறுபடி மொழிக்கு வருவோம். தமாஸிக்தை எந்த எழுத்தில் எழுதுவது என்ற வழக்கு இன்னும் ஓயவில்லை. கபீல்காரர்கள் லத்தீன் எழுத்து என்கிறார்கள், இன்னொரு சாரார் அரபி எழுத்து. வட்டமும் புள்ளியும் கோடுமாக 'திஃபினாக்' என்று சொந்த எழுத்தே ஒன்று உண்டு. வடக்கே எல்லோரும் அதை மறந்திருந்த காலத்தில், துவாரெக் தாய்மார்கள் மணலில் விரலால் கீறிக் கீறிப் பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடுத்து வந்தார்கள். இப்போது அது அரசு அலுவலகப் பெயர்ப்பலகைகளில் அரபிக்குக் கீழே இருக்கிறது.