ஆறுமுகம் காத்த கோல்: அன்றும் இன்றும்

1980 ஏப்ரல் 6. கோலாலம்பூர் மெர்டேக்கா அரங்கத்தில் மலேசியா, தென்கொரியாவை 2-1 என்ற கோல் கணக்கில் வென்று மாஸ்கோ ஒலிம்பிக்குக்குத் தகுதி பெற்றது. ஹசான் சானி கொடுத்த பந்தை ஜேம்ஸ் வோங் வலைக்குள் தள்ளினார். மறுமுனையில் கோலைக் காத்து நின்றவர் சிலாங்கூரின் ஆர். ஆறுமுகம். நீண்ட கைகளாலும் பாய்ச்சலாலும் ‘ஸ்பைடர்மேன்’ என்று நாடே செல்லமாக அழைத்த தமிழர் அவர்.

அந்தக் குழு மாஸ்கோ போகவில்லை. ஆப்கானிஸ்தானுக்குள் சோவியத் படை புகுந்ததைக் கண்டித்துப் பல நாடுகள் அந்த ஒலிம்பிக்கைப் புறக்கணித்தன. மலேசியாவும் ஒதுங்கிக்கொண்டது. நமது இடத்தில் ஈராக் ஆடியது. அதன் பிறகு இன்றுவரை மலேசியக் காற்பந்துக் குழு ஒலிம்பிக்கை எட்டவில்லை. ஆறுமுகமோ 1988 டிசம்பரில் சாலை விபத்தில் இறந்துபோனார். அப்போது அவருக்கு வயது 35. அடுத்த ஆண்டே, 1989இல், மலேசியாவில் பகுதிநேரத் தொழில்முறை லீக் தொடங்கியது. ஆடுவதற்குச் சம்பளம் என்ற காலம் பிறக்கும்போது அவர் இல்லை.

வேலையும் பந்தும்

ஆறுமுகத்தின் தலைமுறைக்குக் காற்பந்து பிழைப்பு அல்ல. அரசு இலாகா, வங்கி, மாநில வளர்ச்சிக் கழகம் என்று ஏதோ ஓரிடத்தில் வேலை இருக்கும். பகலில் அலுவலகம், மாலையில் பயிற்சி. ஆட்டத்துக்குப் போக அனுமதி கொடுக்கும் முதலாளியே அன்றைய பெரிய ஆதரவாளர். சிலாங்கூர் மாநில வளர்ச்சிக் கழகமான பி.கே.என்.எஸ். போன்ற நிறுவனங்கள் சொந்தமாகக் குழுவே வைத்திருந்தன. கால் உடைந்தாலும் மாதச் சம்பளம் வந்துவிடும், சேமநிதியும் ஏறும். வருமானம் சிறியதுதான். ஆனால் தலைக்கு மேல் ஒரு கூரை இருந்தது.

இப்படி அமெச்சூராக இருந்ததில் ஒரு லாபமும் இருந்தது. அக்கால ஒலிம்பிக்கில் சம்பளம் வாங்கும் ஆட்டக்காரருக்கு இடமில்லை. தென்கொரியாவின் மிகப் பெரிய நட்சத்திரம் சா பம்-குன் அப்போது ஜெர்மனியின் பிராங்க்பர்ட் குழுவில் சம்பளத்துக்கு ஆடிக்கொண்டிருந்தார். மெர்டேக்காவில் தோற்ற குழுவில் அவர் இல்லை.

பிறகு இரண்டு நாடுகளும் போன பாதையைப் பாருங்கள். தோற்ற கொரியா மூன்றே ஆண்டுகளில், 1983இல், சொந்தத் தொழில்முறை லீக்கைத் தொடங்கியது. 1986 முதல் ஒரு உலகக் கிண்ணத்தையும் அது தவறவிட்டதில்லை. வென்ற நாம் முழுத் தொழில்முறைக்கு வர 1994 வரை காத்திருந்தோம். வந்த கையோடு ஆட்ட நிர்ணய ஊழல் வெடித்தது. ஐம்பதுக்கும் மேற்பட்ட ஆட்டக்காரர்கள் தடை செய்யப்பட்டார்கள். அரங்கத்தை விட்டுப் போன ரசிகர்களைத் திரும்ப அழைத்து வர நெடுங்காலம் ஆயிற்று.

ஒரே குழு, எல்லா முகமும்

ஆறுமுகம், மொக்தார் டஹாரி, சந்தோக் சிங், சோ சின் ஆன். இந்த நான்கு பேரையும் ஒரே மூச்சில் சொல்வது அக்கால ரசிகர்களின் வழக்கம். 1974 தெஹ்ரான் ஆசிய விளையாட்டில் வெண்கலம், 1977லும் 1979லும் சீ விளையாட்டில் தங்கம் என்று தேசியக் குழு வென்றது இவர்களின் காலத்தில்தான். சிலாங்கூரும் 1978, 1979, 1981, 1982, 1984, 1986 என்று மலேசியக் கிண்ணத்தை அள்ளிக்கொண்டே இருந்தது. கோல்கம்பத்தின் கீழே தமிழர், தற்காப்பில் சீக்கியரும் சீனரும், தாக்குதலில் மலாய்க்காரர். யாரும் ஏற்பாடு செய்து வந்ததல்ல இது. திறமை தானாக வந்து சேர்ந்த இடம். 2016இல் வந்த ‘ஓலா போலா’ படத்தில் கோல் கீப்பர் முத்துவைப் பார்த்த இளையவர்கள் பலர், அந்தப் பாத்திரத்துக்குப் பின்னால் ஒரு நிஜ மனிதர் இருந்ததை அப்போதுதான் அறிந்தார்கள்.

கோல் கீப்பர் வேலையே மாறிவிட்டது

அன்று சக தற்காப்பாளர் காலால் பின்னுக்குத் தள்ளும் பந்தை கோல் கீப்பர் கையால் எடுக்கலாம். 1992இல் அந்த விதி மாறியது. அன்று பந்தைக் கையில் வைத்துக்கொண்டு நான்கு காலடிதான் வைக்கலாம். பிறகு அது ஆறு வினாடிக் கணக்காயிற்று. 2025 முதல் எட்டு வினாடியைத் தாண்டினால் எதிரணிக்கு மூலை உதை. அன்று பாய்ச்சலும் துணிச்சலும் இருந்தால் போதும். இன்றைய கோல் கீப்பர் காலால் பந்தைப் பரிமாறும் பதினோராவது ஆட்டக்காரர். இதைப் பத்து வயதிலேயே பழக வேண்டும், அதற்கென்று தனிப் பயிற்றுநர் வேண்டும்.

மாறாதது ஒன்று: கோலின் அளவு. 7.32 மீட்டர் அகலம், 2.44 மீட்டர் உயரம். இந்தப் பரப்பில் எங்கே நிற்பது, எப்போது வெளியே வருவது என்பதை நின்று நின்றுதான் கற்க முடியும். இன்று கிள்ளான் பள்ளத்தாக்கில் நம் பையன்கள் பெரும்பாலும் ஆடுவது மணிக்கணக்கில் வாடகைக்கு எடுக்கும் ஃபூட்சால் மையங்களில். அங்கே கோல் 3 மீட்டர் அகலம், 2 மீட்டர் உயரம். அதில் கால் வேகம் வரும், பந்தைக் கையாளும் நுணுக்கம் வரும். முழு கோலை ஆளும் கண் வராது. இன்னோர் ஆறுமுகம் ஏன் வரவில்லை என்று கேட்பவர்கள் முதலில் இந்த அளவுகளைப் பார்க்க வேண்டும்.

திடல் எங்கே போனது

கோலாலம்பூரின் பிரிக்பீல்ட்ஸ் அன்று இரயில்வே ஊழியர்களின் பேட்டை. இரயில் பெட்டிகள் நின்ற பரந்த நிலத்தில்தான் 2001இல் கேஎல் சென்ட்ரல் இரயில் நிலையம் எழுந்தது. இன்று அங்கே அடுக்குமாடியும் பேரங்காடியும் ஹோட்டலும் நிற்கின்றன. கிள்ளானையும் ஷா ஆலாமையும் சுற்றியிருந்த தோட்டங்கள் வீடமைப்புப் பகுதிகளாகவும் தொழிற்பேட்டைகளாகவும் மாறின. தோட்டத்தில் கோயில், பள்ளி, திடல் மூன்றும் இருக்கும். தோட்டம் போனபோது கோயிலுக்காகப் போராடினோம், பள்ளிக்காகப் போராடினோம். இரண்டும் நியாயமான போராட்டங்கள். திடலுக்காக யாரும் அவ்வளவு குரல் கொடுக்கவில்லை. மலிவு விலை அடுக்குமாடியில் குடியேறிய குடும்பத்துப் பையனுக்கு மிஞ்சியது கார் நிறுத்தும் இடம். 1994இல் எண்பதாயிரம் பேர் அமரும் அளவுக்குக் கட்டிய ஷா ஆலாம் அரங்கத்தைக்கூட 2024இல் இடிக்கத் தொடங்கிவிட்டார்கள். அரங்கத்தை மீண்டும் கட்டிவிடலாம். பையன்கள் தினமும் வெறுங்காலோடு ஓடிய திடலைத் திரும்பக் கட்டுவது கடினம்.

சம்பளம் வந்தது, நிம்மதி வரவில்லை

இன்று ஒப்பந்தம் இருக்கிறது, முகவர் இருக்கிறார், சூப்பர் லீக் நேரலையில் வருகிறது. முன்னணிக் கிளப்பில் ஆடுபவர் ஆறுமுகத்தின் தலைமுறை கனவிலும் காணாத பணத்தைப் பார்க்கிறார். ஆனால் மாதக்கணக்கில் சம்பள பாக்கி வைக்கும் கிளப்புகள் பற்றிய செய்தி ஆண்டு தவறாமல் வருகிறது. கிளப் மூடப்பட்டால் ஆட்டக்காரர் நடுத்தெருவில் நிற்கிறார். அவருக்குத் திரும்பிப் போக ஒரு வங்கி மேசையோ இலாகா நாற்காலியோ இல்லை. அன்று புகழ் இருந்தது, பணம் குறைவு, வேலை நிலையானது. இன்று பணம் வரலாம், ஆனால் அடுத்த மாதம் நிச்சயமில்லை.

நம் சமூகத்தின் கையிலேயே ஒரு முயற்சி இருந்தது. மலேசிய இந்தியர் காற்பந்துச் சங்கமான மிஃபாவின் குழு படிப்படியாக ஏறி, பெட்டாலிங் ஜெயா சிட்டி என்ற பெயரில் சூப்பர் லீக் வரை வந்தது. 2022 பருவத்தோடு அது விலகிக்கொண்டது. நம் பையன்களுக்கென்று திறந்திருந்த ஒரு கதவு அன்று மூடியது.

திறமை வற்றிவிட்டது என்று சொல்ல மாட்டேன். 2010இல் மலேசியா முதன்முறையாக ஆசியான் கிண்ணத்தை வென்றபோது பயிற்றுநர் கே. ராஜகோபால், குழுவில் எஸ். குணாளனும் கே. குருசாமியும் இருந்தார்கள். வற்றியது வழி. தேசியக் குழுவோ ஆட்களை வெளியே தேடப் போனது. 2025 செப்டம்பரில் வெளிநாட்டில் பிறந்த ஏழு ஆட்டக்காரர்களின் ஆவணங்கள் தொடர்பாக ஃபிஃபா மலேசியக் காற்பந்துச் சங்கத்தையும் அவர்களையும் தண்டித்தது. உள்ளூர்த் திடலில் செலவழிக்காததற்கு நாடு கொடுத்த விலை அது என்பதே என் கருத்து.

செய்ய வேண்டியது

மலேசியாவில் ஐந்நூற்றுக்கும் மேற்பட்ட தமிழ்ப்பள்ளிகள் உள்ளன. பலவற்றில் முழு அளவுத் திடல் இல்லை. பக்கத்து நகராட்சித் திடலை வாரம் இரண்டு மாலை கேட்டு வாங்குவது பெற்றோர் ஆசிரியர் சங்கத்தால் ஆகாத காரியமல்ல. கோயில் திருவிழாவுக்கு நன்கொடை கொடுக்கும் அதே கை, ஒரு கோல் கீப்பர் பயிற்றுநரின் மாதச் செலவையும் ஏற்கலாம். ஓய்வுபெற்ற ஆட்டக்காரர்கள் கிள்ளானிலும் பிரிக்பீல்ட்ஸிலும் இன்னும் நம்மிடையே இருக்கிறார்கள். அவர்களைப் பொன்னாடை போர்த்த மட்டும் அழைக்காமல், பையன்களின் முன்னால் நிற்க வையுங்கள்.

கிளப்போடு ஒப்பந்தம் போடப் போகும் மகனின் பெற்றோருக்கு ஒரு வார்த்தை. சேமநிதியும் சமூகப் பாதுகாப்புக் காப்புறுதியான சொக்சோவும் கட்டுவார்களா, காயம் பட்டால் செலவு யாருடையது, கிளப் மூடினால் பாக்கியை யாரிடம் கேட்பது? இந்த மூன்றுக்கும் எழுத்தில் பதில் வாங்காமல் கையெழுத்துப் போட விடாதீர்கள். ஆட்டத்தோடு படிப்பும் கைத்தொழிலும் தொடரட்டும். ஆறுமுகத்தின் காலம் நமக்கு விட்டுப்போன பாடம் இதுதான்: நாடு முழுக்கப் பெயர் சொன்னாலும், ஆட்டக்காரனுக்கு மறுநாள் காலையில் நிற்க ஓர் இடம் வேண்டும். அதை அமைத்துக் கொடுக்கும் பொறுப்பு நம்முடையது.