நியாயாசனமும் நாவன்மையும்

அப்போஸ்தலர் 24-ஆம் அதிகாரத்தில் தெர்த்துல்லுவைக் குறிக்கும் கிரேக்கச் சொல் 'ரேத்தோர்' என்பதாகும்; சொல்வன்மையைத் தொழிலாகக் கொண்டவன் என்பது பொருள். ஏதென்ஸில் வழக்காளி பொதுவாகத் தானே பேசவேண்டும். ஆகவே லீசியாஸ் போன்றோர் ஊதியம் பெற்று உரை எழுதிக் கொடுத்தனர். ரோமிலோ, பிறருக்காக வாதாடுவோர் வெகுமதி பெறுவதைக் கி.மு. 204-இல் சின்சியச் சட்டம் தடுத்தது, கி.பி. 47-இல் கிலவுதியு இராயர் 10,000 செஸ்தர்ஸ் வரை அனுமதித்தார்.

நீதிபதியைப் புகழ்ந்து தொடங்குவது அக்கலையின் மரபு. தெர்த்துல்லுவும் அவ்வாறே பேலிக்ஸைப் புகழ்ந்ததைக் காண்கிறோம். பவுலோ சில சொற்களில் மரியாதை செலுத்திவிட்டு, தம்மீது முதலில் குற்றஞ்சாட்டிய ஆசியா நாட்டு யூதர் அங்கு வரவில்லை என்று சுட்டினார். குற்றஞ்சாட்டுவோர் நேர்முகமாய் நிற்கவேண்டுமென்பது ரோமர் வழக்கம். ஆயினும் பணத்தை எதிர்பார்த்த பேலிக்ஸ் தீர்ப்பளிக்கவில்லை. பவுல் இரண்டாண்டு காவலில் இருந்தார். நீதிபதியின் மனம் நேர்மையற்றதாயின், நாவன்மையும் சட்டமும் நீதியைப் பிறப்பிக்கமாட்டா என்பதை நாம் உணர்வோமாக.