இட்டேரிக் கரையில் ஒரு கதவு

கொங்கு நாட்டு இட்டேரிகளில் (தோட்டங்களுக்கு இடையே செல்லும் மண்பாதைகளில்) கிளுவை வேலிக்கு அடியிலுள்ள மண்கரை ஏர் படாத மண். கதவுச் சிலந்திகள் குடியிருக்க ஏற்றவை இப்படிப்பட்ட கரைகளும் ஓடைச் சரிவுகளும்தான். இச்சிலந்தி மண்ணைக் குடைந்து வளை தோண்டி, உட்சுவர் முழுக்கப் பட்டு நூல் பூசுகிறது. வளையின் வாய்க்கு மண்ணையும் நூலையும் சேர்த்துக் கதவு செய்து, ஒரு பக்கம் நூலாலேயே கீல் வைக்கிறது. மூடிவிட்டால் கதவு எது, கரை எது என்று பிரித்தறிய முடியாது.

கதவுச் சிலந்திக் குடும்பங்களில் ஒன்று இடியோபிடே. உலகில் 400-க்கும் மேற்பட்ட இனங்கள். தாடைகளின் முனையில் தடித்த முட்கள் வரிசையாக இருக்கும். மண்வெட்டி வேலை இவற்றுக்குத்தான். எட்டுக் கண்களில் இரண்டு தலையின் முன்விளிம்பிலும் மற்ற ஆறு பின்தள்ளியும் அமைந்திருப்பது இக்குடும்பத்தின் பல இனங்களில் காணும் அடையாளம். இரவில் கதவைச் சற்றே திறந்து காத்திருக்கும். பூச்சி நடக்கும் அதிர்வு மண்வழியே காலில் பட்டதும் பாய்ந்து கவ்வி உள்ளே இழுத்துக்கொள்ளும். வெளியிலிருந்து எதிரி கதவை நெம்பினால், உள்ளிருந்து நகத்தாலும் பல்லாலும் இழுத்துப் பிடிக்கும்.

ஆண் சிலந்தி பருவம் வந்ததும் துணை தேடி வெளியேறி, சில மாதங்களில் இறந்துபோகும். பெண்ணோ அதே வளையில்தான் வாழ்ந்து முடிக்கும். மேற்கு ஆஸ்திரேலியாவில் சிலந்தி ஆய்வாளர் பார்பரா யார்க் மெயின் 1974-இல் கண்காணிக்கத் தொடங்கிய '16-ஆம் எண்' சிலந்தி இதே குடும்பம். 2016-இல் அதன் கதவு துளைக்கப்பட்டிருந்தது. குளவி ஒன்று அதைக் கொன்றிருக்க வேண்டும் என்று கருதப்படுகிறது. அப்போது அதற்கு வயது 43! உலகில் இதைவிட நீண்ட காலம் வாழ்ந்த சிலந்தி பதிவாகவில்லை.

இந்த நீண்ட ஆயுளும் இடம்பெயராத இயல்பும்தான் எனக்குக் கவலை தருகின்றன. பல சிலந்திகளின் குஞ்சுகள் நூல் விட்டுக் காற்றில் பறந்து ஊர் மாறும். கதவுச் சிலந்திக் குஞ்சுகளில் பெரும்பாலானவை நடந்துபோய்த் தாயின் வளைக்கு அருகிலேயே குடியமரும். ஆகவே ஒரு கரையை ஜேசிபி வாரினால் தாய், மகள், பேத்தி எல்லாம் ஒரே நாளில் போய்விடும். வேறிடத்திலிருந்து புதுக்குடி எளிதில் வந்து சேராது. கோவை சத்தி ரோட்டோர மேட்டாங்காடுகள் மனைகளாகிவரும் வேகத்தைப் பார்க்கும்போது, கணக்கெடுக்கும் முன்பே கரைகள் மறைந்துவிடும் என்றுதான் தோன்றுகிறது.

இத்தனைக்கும் இந்தியச் சிலந்தி ஆய்வில் கோவைக்குத் தனி இடம் உண்டு. பல ஆண்டுகள் சரவணம்பட்டி–காளப்பட்டி சாலையில் இயங்கிய ஜூ அவுட்ரீச் அமைப்பின் இதழில்தான், மஞ்சு சிலிவால், சஞ்சய் மோளூர், பி.கே. பிஸ்வாஸ் மூவரும் 2005-இல் இந்தியச் சிலந்திகளின் பட்டியலை வெளியிட்டார்கள்: 1442 இனங்கள். சிலிவாலும் சக ஆய்வாளர்களும் புதிய கதவுச் சிலந்தி இனங்கள் பலவற்றுக்குப் பெயரிட்டிருக்கிறார்கள்.

உங்கள் தோட்டத்துக் கரையில் மெல்லிய பிறைக்கோடு போல ஒரு விளிம்பு தெரிந்தால், குச்சி விட்டு நெம்பாதீர்கள். படம் எடுத்து, இடத்தைக் குறித்து, அருகிலுள்ள கல்லூரி விலங்கியல் துறைக்குத் தெரிவியுங்கள். அந்தக் கரையை மட்டும் வெட்டாமல் விட்டுவையுங்கள்.