டெபுடேஷன்: கையெழுத்துக்கு முன் காகிதம்

"நாம கவர்ன்மெண்ட்டா, கம்பெனியா?" புனேயின் போபோடியிலும் கட்கியிலும் படைக்கல ஆலை வேலைக்குப் போகும் தமிழ்க் குடும்பங்களில் சில வருடங்களாக அடிபடும் கேள்வி. வாட்ஸப்பில் வந்த கடிதத்தை நீட்டி, "இதுல கையெழுத்துப் போடலாமா சார்?" என்கிறார்கள். பெரும்பாலும் அது முழுக் கடிதமாகக்கூட இருக்காது. இரண்டாம் பக்கம் மட்டும், அதுவும் மங்கலாக. சர்வீஸ் புக்கைக் கடைசியாக எப்போது பார்த்தீர்கள் என்று திருப்பிக் கேட்டால் பதில் வருவதில்லை.

2021 அக்டோபர் 1 அன்று படைக்கலத் தொழிற்சாலை வாரியம் கலைக்கப்பட்டு, அதன் 41 ஆலைகள் ஏழு அரசு நிறுவனங்களுக்குப் பிரித்துத் தரப்பட்டன. கட்கியின் இரண்டு ஆலைகள், தேஹு ரோடு, நம் அருவங்காடு, திருச்சி ஹெச்.ஏ.பி.பி. எல்லாம் புனேயில் தலைமையிடம் கொண்ட மியூனிஷன்ஸ் இந்தியாவுக்குப் போயின. ஏறத்தாழ 70,000 ஊழியர்களும் 'டீம்டு டெபுடேஷன்' ஆனார்கள், அதாவது அயற்பணியில் இருப்பதாகக் கருதப்பட்டார்கள். அதற்கான படி மட்டும் கிடையாது. அரசா, நிறுவனமா என்று இரண்டு வருடத்தில் விருப்பம் கேட்டு முடிப்பதாகச் சொன்ன அரசு, கெடுவை மறுபடி மறுபடி நீட்டியது. ஒரு தலைமுறை ஊழியர்களை இப்படி வாசற்படியில் நிறுத்தி வைப்பதற்கு நிர்வாகம் என்று பெயர்.

டெபுடேஷன் இரண்டு வகை. அவற்றின் உரிமைகள் நேரெதிர். ஒன்றுக்கான ஆலோசனையை மற்றொன்றுக்குப் போட்டுக் குழப்பிக்கொள்கிறவர்களே அதிகம்.

தனி ஆளாக விண்ணப்பித்து வேறு துறைக்குப் போனவர் முதல் வகை. எத்தனை வருடம் அங்கே இருந்தாலும், நிரந்தரமாக ஈர்த்துக்கொள் என்று கேட்கும் உரிமை அவருக்குத் தானாக வராது. எப்போது வேண்டுமானாலும் தாய்த் துறைக்குத் திருப்பி அனுப்பலாம். 2000-இல் குணால் நந்தா வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாகச் சொல்லிவிட்டது. "ஏழு வருஷமா இருக்கேன், இனி யார் அனுப்பப் போறாங்க" என்ற தெம்பு எந்த மன்றத்திலும் செல்லாது. ராமேஷ்வர் பிரசாத் வழக்கில் 1999-இல் ஊழியர் ஜெயித்ததற்குக் காரணம், ஈர்த்துக்கொள்ள விதியிலேயே வழி இருந்தது. கெடு தாண்டியும் அவரை வைத்திருந்தார்கள்.

ஆகவே முதலில் அந்தப் பதவியின் ஆள்சேர்ப்பு விதிகளை வாங்குங்கள். கேட்டுத் தரவில்லையென்றால் தகவல் உரிமைச் சட்டத்தில் 10 ரூபாய் கட்டி மனுப் போடுங்கள். 30 நாளில் பதில் வர வேண்டும். விதியில் இடம் இருந்தால் மூன்று காகிதம் தேவை: உங்கள் எழுத்துபூர்வமான சம்மதம், தாய்த் துறையின் தடையில்லாக் கடிதம், ஈர்த்துக்கொண்டதாகத் தேதியோடு ஆணை. "ஐயா ஓகே சொல்லிட்டார்" என்பது ஆணை அல்ல. ஆணை வந்தபின், தாய்த் துறையில் உங்கள் லியன் (பதவி உரிமை) எந்தத் தேதியில் முடிந்தது என்று சர்வீஸ் புக்கில் பதிவாகியிருக்கிறதா பாருங்கள். வருடம் ஒருமுறை சர்வீஸ் புக்கைக் காட்டிக் கையெழுத்து வாங்குவது அலுவலகத்தின் கடமை, காட்டாவிட்டால் கேளுங்கள். பழைய பதவியும் புதிய பதவியும் சம நிலை என்பதற்கான ஆவணத்தையும் எடுத்து வையுங்கள். சம பதவியில் செய்த முந்தைய பணிக்காலம் சீனியாரிட்டிக்குச் சேரும் என்பது ரூப்லால் வழக்கின் தீர்ப்பு.

இரண்டாவது வகைதான் ஆலைக்காரர்கள். இவர்களை இழுத்துக்கொண்டு போய்ச் சேர்க்க முடியாது. ஊழியரின் சம்மதமில்லாமல் வேறு முதலாளிக்கு மாற்ற முடியாது என்று ஜவஹர்லால் நேரு பல்கலைக்கழக வழக்கில் 1989-லேயே உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. 2003-க்குள் சேர்ந்தவர்கள் 2021 ஓய்வூதிய விதிகளில் 37-ஆம் விதியை முழுதாகப் படித்தாக வேண்டும். துறை நிறுவனமாக மாறும்போது அரசுக்குத் திரும்புவதா, நிறுவனத்தில் சேர்வதா என்று விருப்பம் கேட்க வேண்டும்; சேர்கிறேன் என்ற விருப்பத்தை அரசு ஏற்ற தேதியிலிருந்து நீங்கள் அரசு ஊழியர் அல்ல. அந்த விதியில் 2025 மே மாதம் செய்த திருத்தம் பலர் காதிலேயே விழவில்லை: சேர்ந்தபின் முறைகேட்டுக்காக நிறுவனம் உங்களை டிஸ்மிஸ் செய்தால், அரசில் உழைத்த காலத்துக்கான ஓய்வுப் பலனும் பறிபோகலாம். அமைச்சகம் மறு ஆய்வு செய்யும் என்பது மட்டுமே பிடிமானம். முன்பு இப்படி இல்லை.

2000 அக்டோபரில் இதேபோல் அரசுத் துறையிலிருந்து பி.எஸ்.என்.எல்.லுக்குப் போனவர்களைக் கேளுங்கள். ஓய்வூதியத்தை அரசே தருகிறது. ஆனால் நிறுவனத்தில் சம்பளத் திருத்தம் வராததைக் காட்டி ஓய்வூதியத் திருத்தத்தையும் இழுத்தடித்தார்கள்.

தகராறு என்றால் முதலில் ஆலை நிர்வாகம் வழியாக முறையீடு. அப்புறம் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயம், புனேக்காரர்களுக்கு அதன் மும்பை அமர்வு. மனுக் கட்டணம் 50 ரூபாய். முறையீட்டுக்குப் பதில் வந்தால் அந்தத் தேதியிலிருந்து ஒரு வருடம். பதிலே வரவில்லையென்றால் ஆறு மாதம் பொறுத்து, அதிலிருந்து ஒரு வருடம். மறுபடி சொல்கிறேன், ஒரு வருடம். இரண்டாவது, மூன்றாவது முறையீடு போட்டால் கெடு புதிதாகத் தொடங்காது. தமிழ்நாட்டுச் சுரங்கத் துறை ஊழியர் ஜேக்கப் வழக்கில் 2008-இல் உச்ச நீதிமன்றம் இதை இடித்துச் சொன்னது: பழைய விவகாரத்துக்கு இன்று பதில் கடிதம் வந்தாலும் கெடு உயிர் பெறாது. யூனியன் பார்த்துக்கொள்ளும் என்று தேதியை விட்டவர்களை நிறையப் பார்த்தாயிற்று. நிறுவனத்தில் சேர்ந்துவிட்டால் இதே தீர்ப்பாயம் உங்கள் மனுவை ஏற்குமா என்பது, அந்த நிறுவனத்தை அரசு அதன் வரம்புக்குள் அறிவித்திருக்கிறதா என்பதைப் பொறுத்தது. இல்லையென்றால் உயர் நீதிமன்றம்தான்.

விருப்பப் படிவம் வரும் நாளில் வாட்ஸப் பக்கத்தை நம்பாமல், இணைப்புகளோடு அலுவலக நகலைக் கேளுங்கள். நிறுவனத்தின் பணி விதிகள் வெளியாகிவிட்டனவா என்று எழுதிக் கேளுங்கள். விதி தெரியாமல் விருப்பம் சொல்லச் சொல்வதே அநியாயம். வெற்றிடம் விட்ட கட்டத்தில் கையெழுத்துப் போடாதீர்கள். கொடுக்கும்போது இரண்டு பிரதி எடுத்துப் போய், தபால் பிரிவில் ஒன்றைக் கொடுத்து, மற்றதில் தேதி முத்திரையும் பதிவு எண்ணும் வாங்கி வீட்டில் வையுங்கள்.